ஆலாபனைக்குத் தாளம் போட்டவர்

போன மாதம் ஜெனிஃபர் போன் செய்து, "சார், உங்க டேப்புல இருக்கிற இரைச்சலை எல்லாம் எடுத்துடலாமா?" என்று கேட்டாள். எழுபதைத் தாண்டியவனிடம் இப்படிக் கேட்டால் அவன் அதைப் பல விதமாக எடுத்துக்கொள்வான். நான் டாக்டர் சொன்னதாகவே நினைத்துக்கொண்டேன்.

ஜெனிஃபர் நான் வேலை பார்த்த அலுவலகத்தில் இப்போது எடிட்டர். கடலூர் முதுநகர்ப் பெண். இசை, கூத்து, நாட்டியம் இவற்றையெல்லாம் படம் எடுத்துச் சேர்த்து வைப்பதுதான் எங்கள் அலுவலகத்தின் வேலை. எடுப்பதைச் செய்தோம், சேர்த்து வைப்பதைப் பூஞ்சைக்காளானிடம் விட்டுவிட்டோம். பீரோக்களில் கிடந்த பழைய டேப்புகளை இப்போது கம்ப்யூட்டரில் ஏற்றுகிறார்கள். பேச்சைத் தனியாகப் பிரித்து, மற்ற சத்தங்களைத் துடைத்துவிடும் ஒரு மென்பொருள் வந்திருக்கிறதாம். முன்பு நாங்கள் நாலு பேர் உட்கார்ந்து செய்ததை அது ஒரு டீ குடிக்கும் நேரத்தில் செய்துவிடுகிறது. அதில் எனக்கு வருத்தம் இல்லை. நாங்கள் நாலு பேரும் டீதான் குடித்துக்கொண்டிருந்தோம்.

"புதுசா சேந்தவங்க இருக்காங்க சார். அவங்களுக்காக உங்க அனுபவத்தைக் கொஞ்சம் எழுதிக் குடுங்களேன்" என்றும் அன்று கேட்டாள். நான் செய்த நல்ல காரியங்களைக் கேட்கிறாள் என்பது புரிந்தது. அவை அரைப் பக்கத்துக்கு மேல் வராது. ஆகவே மற்றதை எழுதுகிறேன்.

நான் பெண்ணாடம் பக்கத்துக் கரும்புக்காரர் வீட்டுப் பிள்ளை. அப்பாவுக்கு என்னைச் சர்க்கரை ஆலையில் ஒரு நாற்காலியில் உட்கார வைத்துப் பார்க்க ஆசை. நான் தமிழ் எம்.ஏ. படித்தேன். பிறகு சென்னைக்குப் போய்த் திரைப்படப் படிப்பும் படித்தேன். எதற்கு இரண்டு படிப்பு என்று கேட்ட மாமாவுக்கு இன்னும் நான் பதில் சொல்லவில்லை, அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். வேலை கிடைத்தபோது இசைப் பிரிவில் ஆள் குறைவு என்று அங்கே போட்டார்கள். எனக்கு ராகம் தெரியாது. தெரிந்த மாதிரி முகத்தை வைத்துக்கொள்ளத் தெரியும். அதை வைத்தே முப்பது வருஷத்துக்கு மேல் ஓட்டினேன்.

எங்கள் தலைமை அதிகாரி ஞானப்பிரகாசம் சார். கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு மாடியில் அவர் அறை. அரைக்கை வெள்ளைச் சட்டை, மேஜை மேல் எப்போதும் ஒரு முறுக்குப் பொட்டலம். படத்தை முதல் தடவை வெட்டி ஒட்டிக் கொண்டுபோனால் அவர் செய்யும் முதல் காரியம், டி.வி.யின் சத்தத்தை முழுக்கக் குறைப்பது.

"சார், இது கச்சேரி சார்" என்று ஆரம்ப காலத்தில் ஒருமுறை சொல்லிப் பார்த்தேன்.

"இருக்கட்டுமே. வாய் அசையுதுல்ல?"

"அசையுது சார்."

"அப்புறம் என்னா? சத்தத்தை வச்சு ஜனத்தை ஏமாத்துறது ஈஸி. படம் ஊமையா ஓடணும். எனக்குப் புரியணும். எனக்கே புரிஞ்சுதுன்னா ஊருக்குப் புரியும்."

இப்படியாகப் பெரிய பெரிய வித்வான்களின் தோடியையும் பைரவியையும் நான் அவருடைய முறுக்குச் சத்தத்தோடுதான் பார்த்தேன். அவரைக் கேலி செய்கிறேனே தவிர, ஆள் மந்தமில்லை. வெட்டிய இடத்தில் துளி பிசகு இருந்தாலும் கண்டுபிடித்துவிடுவார். "நிறுத்து. அவரு கை இப்பத்தான் மடியில இருந்துச்சு. அதுக்குள்ள காதுகிட்ட எப்புடிப் போச்சு? பஸ் ஏறிப் போச்சா?" என்பார்.

அந்தப் பிசகை மறைக்க எங்களிடம் ஒரே வைத்தியம்தான் இருந்தது: ரியாக்‌ஷன் ஷாட். பாடுகிறவரின் படம் எங்கே குதிக்கிறதோ அங்கே கேட்கிறவரின் முகத்தைப் போட்டுவிடுவது. சத்தம் தொடர்ந்து ஓடும். பார்க்கிறவருக்கு ஒன்றும் தெரியாது. இதற்காகவே நான் ஒருவரைக் கைவசம் வைத்திருந்தேன். திருப்பாதிரிப்புலியூரில் ஒரு கச்சேரியில் எடுத்த முகம். நெற்றி நிறைய விபூதி, கண் மூடி, மெல்ல மெல்லத் தலையாட்டும் ஒரு மனிதர். நாங்கள் அவருக்குத் தலையாட்டி மாமா என்று பெயர் வைத்திருந்தோம். வீணைக்கும் அவர்தான் தலையாட்டினார், வில்லுப்பாட்டுக்கும் அவர்தான். ஒருமுறை அவசரத்தில் மாதா கோயில் பாடகர் குழுவின் படத்திலும் அவரை ஒட்டிவிட்டேன். ஞானப்பிரகாசம் சார் முறுக்கைக் கீழே வைத்தார்.

"யாருடா இவரு? நம்ம ஞாயித்துக்கெழம ஆளு மாதிரி தெரியலியே."

"மத நல்லிணக்கம் சார்."

கொஞ்சம் யோசித்தார். "அப்ப இருக்கட்டும்" என்றார்.

சில வருஷம் கழித்துத் தலையாட்டி மாமாவை மார்க்கெட்டில் பார்த்தேன். தாலுகா ஆபீஸில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவராம். உங்கள் ரசனையே தனி என்று சொன்னேன். "எந்தக் கச்சேரி? அதுவா? பல்வலி மாத்திரை போட்டுக்கிட்டு வந்திருந்தேன் தம்பி. தூக்கம் சொக்கிடுச்சு" என்றார்.

இதற்காக நான் வெட்கப்படவில்லை. சிரித்தேன். அதுதான் பிரச்சினை.

பிச்சாவரத்திலும் இப்படித்தான். படகோட்டிகள் துடுப்புப் போடும்போது பாடும் பாட்டைப் படம் எடுக்கப் போனோம். போனால் எல்லாப் படகிலும் மோட்டார். அஞ்சலை என்று ஒரு அம்மா, இறால் கூடையோடு உட்கார்ந்திருந்தவர், கேட்டார்: "மோட்டாரு வந்தப்புறம் எவன் சார் பாடுவான்? அதான் அதுவே பாடுதே."

மோட்டாரை நிறுத்தித் துடுப்புப் போட்டுப் பாடச் சொன்னேன். இரண்டு பேர் என் முகத்துக்காகச் சினிமாப் பாட்டு ஒன்றைப் பாடினார்கள். படகு நேராகப் போய்ச் சுரபுன்னை வேர்களுக்குள் சொருகிக்கொண்டது. "இதுக்குத்தான் சார் மோட்டாரு வாங்குனோம்" என்று அஞ்சலை அம்மா சொல்ல, காமிராமேன் பஷீர் சிரித்த சிரிப்பில் காமிரா வைக்கும் முக்காலி தண்ணீரில் விழுந்தது. பிறகு வேறு ஊரில் வேறு வயதானவர் பாடிய பாட்டை வாங்கி அந்தப் படகின் மேல் ஒட்டினேன். ஞானப்பிரகாசம் சார் ஊமையாகப் பார்த்தார். "வாய் அசையுது" என்றார். படம் பாஸ்.

இப்போது அந்த அண்ணன் தம்பி விஷயத்துக்கு வருகிறேன்.

அண்ணன் பெயர் தில்லைக்கண்ணு, தம்பி ராசகோபால். இரண்டு பேரும் நாயனம். எங்கள் பக்கத்தில் நாகஸ்வரத்தை நாயனம் என்றுதான் சொல்வோம். ஊர் அவர்களைப் பெரியவர், சின்னவர் என்று அழைத்தது. இரட்டையராக வாசித்துப் பேர் எடுத்தவர்கள். பெண்ணாடத்தில் ஒரு கல்யாணத்தில், பெரியவர் ஒரு கீர்த்தனையின் நடுவில் இருக்கும்போது மாப்பிள்ளையின் மச்சான் ஒருவன் வந்து சினிமாப் பாட்டு கேட்டிருக்கிறான். சின்னவர் அண்ணனைப் பார்க்காமல் அதை ஊதிவிட்டார். பெரியவர் தன் நாயனத்தின் நுனியிலிருந்த நாணல் சீவாளியைக் கழற்றி மடியில் கட்டிக்கொண்டு எழுந்துபோனார். சீவாளி இல்லாமல் நாயனம் வெறும் மரக்குழல். அதோடு இரட்டையர் முடிந்தது. பெரியவர் சிதம்பரத்திலேயே இருந்துவிட்டார். சின்னவர் கடலூருக்கு வந்துவிட்டார். பல வருஷம் பேச்சு இல்லை.

நான் சின்னவரைப் பற்றிப் படம் எடுத்தேன். அண்ணனின் பேட்டி இல்லாமல் படம் நிற்காது என்று, சிதம்பரத்தில் அவர் வீட்டுக்கும் போனோம். அன்றைய திட்டம் இது: காலையில் பெரியவர் வீட்டில் பேட்டி, அதை முடித்துக்கொண்டு பின்தெருவில் ஒரு கல்யாண மண்டபத்தில் சின்னவரின் வாசிப்பு. சின்னவர் முன்கூட்டியே வந்து மண்டபத்தில் காத்திருந்தார்.

பெரியவர் காமிராவுக்கு முன்னால் ஒன்றையும் மறைக்கவில்லை.

"தம்பி வாசிச்சுக் கேக்குறீங்களா இப்பல்லாம்?" என்று கேட்டேன்.

"யாரு? நானா? அவன் சத்தம் கேக்குற தெருவுல பச்சத் தண்ணி குடிக்க மாட்டேன் தம்பி. எங்கனா அவன் ஊதுறது காதுல உழுந்துச்சுன்னா அப்படியே திரும்பிடுவேன். பஸ்ஸுல போறப்ப கேட்டுச்சுன்னா எறங்கிடுவேன்."

"ஓடுற பஸ்ஸுலயா?" என்றான் பஷீர்.

"ஸ்டாப்புலதாண்டா" என்றார் பெரியவர். எல்லாரும் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை.

பேட்டி முடிந்ததும் ரூம் டோன் எடுப்பது வழக்கம். மின்விசிறியை நிறுத்தி, யாரும் பேசாமல், அந்த அறையின் மௌனத்தைக் கொஞ்ச நேரம் பதிவு செய்வோம். பின்னால் பேச்சை வெட்டும்போது இடைவெளிகளை நிரப்ப அது வேண்டும். இந்த நேரத்தில் டைரக்டருக்கு வேலை இல்லை. "பெரியவரே, கொஞ்ச நேரம் சும்மா உக்காந்திருங்க" என்று சொல்லிவிட்டு நான் சிகரெட் பிடிக்க வெளியே போனேன். பஷீர் காமிராவை நிறுத்த மாட்டான். அது அவன் சோம்பேறித்தனம். சத்தம் பதிவு செய்கிற குப்புசாமி உள்ளே இருந்து ஏதோ புகார் சொன்னான். அவன் எப்போதும் ஏதாவது சொல்வான். விடு என்றேன்.

மூட்டை கட்டும்போது பெரியவர் கேட்டார்: "அடுத்து அவனத்தானே புடிக்கப் போறீங்க?"

"ஆமாங்க."

"சீவாளிய மாத்தச் சொல்லுங்க அந்தப் புத்திகெட்ட பயல."

வசவு என்று எடுத்துக்கொண்டேன். சின்னவரிடம் சொல்லவில்லை.

மண்டபத்தில் சின்னவர் அற்புதமாக வாசித்தார் என்று எல்லாரும் சொன்னார்கள். ஆலாபனையின் உச்சத்தில் காமிராவில் டேப் முடிந்துவிட்டது. புது டேப்பைப் போடுவதற்குள் அவர் ராகத்தில் எங்கேயோ போய்விட்டார். சத்தம் குப்புசாமியின் கருவியில் தனியாக ஓடிக்கொண்டிருந்தது, அதனால் அது முழுசாக இருந்தது. படம் மட்டும் நடுவில் இல்லை.

எடிட்டிங்கில் தலையாட்டி மாமாவைப் போட்டுப் பார்த்தேன். ஞானப்பிரகாசம் சார், "இந்த ஆளு செத்துக்கூட போயிருப்பாருடா, வேற எவனும் கெடைக்கலியா?" என்றார். பேட்டி டேப்பை ஓட்டினேன், வழக்கம்போல ஊமையாக. கடைசியில் ரூம் டோன் வந்தது. பெரியவர் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். தலை மெல்ல அசைகிறது. வலது கை தொடையில் விழுகிறது, விரல்கள் ஒவ்வொன்றாக மடங்குகின்றன. முகம் அப்படியே கனிந்து கிடக்கிறது. பேட்டி முழுக்க வராத முகம்.

தம்பியின் ஆலாபனைக்கு நடுவில் அந்த முகத்தை ஒட்டினேன். அது நிஜமா, சரியா என்ற கேள்வி எழவே இல்லை. பிரமாதமாகப் பொருந்தியது. ஞானப்பிரகாசம் சார் பார்த்தார். கையில் எடுத்த முறுக்கைக் கடிக்காமல் பார்த்தார். "புரிஞ்சுது" என்றார். அவர் வாயில் அதைவிடப் பெரிய பாராட்டு கிடையாது.

மஞ்சக்குப்பத்தில் ஒரு சங்கத்து ஹாலில் முதல் திரையிடல். அந்த இடம் வந்ததும் ஹாலில் சலசலப்பு. "யோவ், பெரியவர்யா! கேக்குறாருய்யா!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். முன் வரிசையில் சின்னவர் எழுந்து நின்றுவிட்டார். பின்னால் இருந்தவர்கள் உட்காரச் சொன்னார்கள், உட்காரவில்லை. படம் முடிந்ததும் என் இரண்டு கைகளையும் பிடித்துத் தன் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

பெரியவர் சண்டைக்கு வருவார் என்று எதிர்பார்த்தேன். நான் எப்போதய்யா அவன் வாசித்ததைக் கேட்டேன் என்று கேட்டால் சொல்வதற்கு இரண்டு மூன்று பொய்களைத் தயார் செய்து வைத்திருந்தேன். படம் டி.வி.யிலும் வந்தது. அவரிடமிருந்து ஒரு வார்த்தை இல்லை. தப்பித்தேன் என்று நினைத்தேன்.

கொஞ்ச நாளில் ஒரு காலை நேரம் சின்னவர் என் வீட்டுக்கு வந்தார். கையில் துணிப்பை. அதன் வாயில் வாழைப்பழத்தின் காம்பு தெரிந்தது.

"மலருக்குக் கல்யாணம் வச்சிருக்கேன் சார்" என்றார். மலர் அவருடைய ஒரே பெண். "அண்ணன நேர்ல போயி அழைக்கலாம்னு கெளம்பிட்டேன். மண்டபத்துல ரெண்டு பேரும் பழையபடி சேந்து உக்காந்து வாசிச்சோம்னா, அது போதும் எனக்கு."

"ரொம்ப நல்ல காரியம்."

"உங்களாலதான் சார். அந்த எடத்தப் பாத்ததுலேருந்து தூக்கமில்ல." காபியை வாங்கிக்கொண்டார். குடிக்கவில்லை. "ஒரே ஒரு சந்தேகம். கேட்டுட்டுப் போயிடலாம்னு வந்தேன்."

"சொல்லுங்க."

"அங்க நான் வாசிக்கிறது ஆலாபனை. அண்ணன் கை தாளம் போடுது. ஆலாபனைக்கு ஏது சார் தாளம்? எங்கண்ணன் காச்சல்ல கெடந்தாக்கூட அந்தத் தப்பு பண்ண மாட்டான். அவன் எதக் கேட்டுக்கிட்டிருந்தான்?"

எனக்கு அப்போதுதான் உறைத்தது. தாளமில்லாமல் விரிந்து போகும் ஆலாபனை. அதன் மேல் கணக்காகத் தாளம் போடும் கை. இசைப் படம் எடுக்கிறவன் யாரும் செய்யக்கூடாத பிழை. ஊமையாகப் பார்த்து ஒட்டியவன் மட்டும்தான் செய்வான்.

"உங்களைத்தான் கேட்டார், பாட்டைத்தான் மாற்றிப் போட்டுவிட்டோம்" என்று ஒரு வரி சொல்லியிருக்கலாம். மற்ற எந்த நாளாக இருந்தாலும் சொல்லியிருப்பேன். ஆனால் முந்தின நாள்தான் சிதம்பரத்தில் ஒரு கல்லூரியில் "ஆவணப்படமும் உண்மையும்" என்ற தலைப்பில் பேசிவிட்டு வந்திருந்தேன். கைதட்டினார்கள். போர்த்திய பொன்னாடை நாற்காலி முதுகில் தொங்கிக்கொண்டிருந்தது. அந்த மப்பு இறங்கவில்லை.

"உங்ககிட்ட மறைக்க விரும்பல" என்று ஆரம்பித்தேன். டேப் தீர்ந்ததைச் சொன்னேன். ரியாக்‌ஷன் ஷாட் என்றால் என்ன என்று விளக்கினேன். ரூம் டோனை விளக்கினேன். உலகம் முழுக்க இப்படித்தான் செய்கிறார்கள் என்றும் சொன்னேன். "அவரு எதையும் கேக்கல. சும்மா இருக்கச் சொன்னோம், சும்மா இருந்தாரு. பழக்கத்துல கை ஆடியிருக்கும்."

"சும்மாவா?"

"சும்மாதான்."

சின்னவர் வாழைப்பழக் காம்பை உள்ளே தள்ளி, பையின் வாயைச் சுருட்டினார். "சரி சார்" என்றார். காபியைக் குடித்து முடித்தார். "காப்பி நல்லாருந்துச்சு" என்று என் மனைவியிடம் சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

மாடியிலிருந்து பார்த்தேன். பஸ் ஸ்டாப்பில் பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார். சிதம்பரம் பஸ் வந்தது. கண்டக்டர், "ஏறு பெருசு, எடம் இருக்குது" என்று கூப்பிட்டது எனக்கே கேட்டது. அவர் ஏறவில்லை. பின்னால் வந்த டவுன் பஸ்ஸில் ஏறி வீட்டுக்குப் போனார்.

உண்மை பேசிவிட்டேன் என்ற நிறைவோடு நான் பொன்னாடையை மடித்து வைத்தேன்.

மலர் கல்யாணத்துக்கு நான் போயிருந்தேன். வெளியூர் நாயனம். இரண்டு வருஷத்தில் பெரியவர் இறந்துபோனார். அந்தச் சாவுக்கும் போனேன். சின்னவர் தெருமுனையில் நின்றார். உள்ளே வாருங்கள் என்று சொன்னவர்களிடம், "அவனுக்குப் புடிக்காது" என்றார். கையிலிருந்த மாலையை ஒரு பையனிடம் கொடுத்து அனுப்பிவிட்டுத் திரும்பினார். நான் எதிரில் நின்றேன். என்னை அவர் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

இதெல்லாம் நடந்து எவ்வளவோ வருஷம். இப்போது ஜெனிஃபரின் போனுக்குத் திரும்புகிறேன்.

"பெரியவர் பேட்டி டேப்பு சார். கடைசியில ஒரு இடத்துல சாஃப்ட்வேர் இரைச்சல்னு காட்டுது. துடைக்கிறதுக்கு முன்னாடி கேட்டேன். நாயனம் மாதிரி இருக்குது. அனுப்புறேன், கேட்டுச் சொல்லுங்க."

போனில் வந்தது. காதில் ஒயரைச் சொருகிக்கொண்டு, அந்த ஷாட்டை முதல்முதலாகச் சத்தத்தோடு பார்த்தேன்.

காமிராவின் மைக்கில் பதிவான சத்தம். அறை அமைதியாக இருக்கிறது. தூரத்தில், பின்தெருவிலிருந்து, நாயனம். கீர்த்தனை ஒன்று. தவில் இல்லை, சுருதிக்கு ஒத்தும் இல்லை. தவில்காரர் அன்று தாமதமாக வந்தது எனக்கு நினைவிருக்கிறது. மண்டபத்தில் எங்களுக்காகக் காத்திருந்த சின்னவர் தனியாகச் சாதகம் செய்துகொண்டிருக்கிறார். இந்தப் பக்கம், எங்கே கேட்டாலும் திரும்பிவிடுவேன் என்று ஐந்து நிமிஷம் முன்புதான் சொன்ன பெரியவர், கண்ணை மூடிக்கொண்டு அவருக்குத் தாளம் போடுகிறார்.

நான் சொன்ன பொய்தான் நிஜம். நான் சொன்ன நிஜம்தான் பொய். படத்தில் ஒட்டியது சரி. வீட்டில் உட்கார வைத்து விளக்கியது தப்பு. வித்தியாசம் ஒன்றுதான்: டேப்பின் சத்தத்தை ஒருமுறை கூட்டிக் கேட்டிருக்க வேண்டும்.

இரண்டு நாள் சும்மா இருந்தேன். போய்ச் சொல்லாமல் விட்டுவிடலாம் என்றும் தோன்றியது, அதையும் எழுதிவிடுகிறேன். மூன்றாம் நாள் ஆட்டோ பிடித்தேன்.

சின்னவர் மஞ்சக்குப்பம் மைதானத்துக்குப் பின்னால் மலர் வீட்டில் இருக்கிறார். எண்பதை நெருங்குகிறார். மூச்சு போய்விட்டது, வாசிப்பதில்லை. காது மட்டும் நன்றாக இருக்கிறது. மலர் என்னை அடையாளம் கண்டுகொண்டு, "டி.வி. சார் வந்திருக்காரு பாருப்பா" என்றாள்.

"எதுக்காம்?" என்றார் உள்ளே இருந்து.

எதற்கு என்று சொன்னேன். சுற்றி வளைக்கவில்லை. "அன்னிக்கு உங்ககிட்ட தப்பா சொல்லிட்டேன். டேப்பக் கேக்காமலே சொன்னேன்" என்றேன். போனை அவர் முன்னால் வைத்து, சத்தத்தை முழுக்கக் கூட்டினேன்.

முதல் வரியிலேயே நிமிர்ந்தார். "நான்தான்" என்றார். "புதுச் சீவாளி. முரண்டு புடிக்குது பாருங்க."

"உங்க அண்ணன் அன்னிக்கே எங்கிட்ட சொன்னாரு. சீவாளிய மாத்தச் சொல்லுங்கன்னு. உங்ககிட்ட சொல்லாம உட்டுட்டேன்."

"மாத்துனேனே. நீங்க மண்டபத்துக்கு வர்றதுக்கு முன்னாடியே மாத்திட்டேன்." சொல்லிவிட்டுச் சட்டென்று என்னைப் பார்த்தார். நான் சொன்னது அப்போதுதான் முழுசாக உள்ளே போயிருக்க வேண்டும். பிறகு திரையைப் பார்த்தார். முகத்தைப் பார்க்கவில்லை, அண்ணனின் கையைத்தான் பார்த்தார்.

ஓர் இடத்தில் நாயனம் இடறியது. ஒரு சங்கதி சரியாக விழாமல் சின்னவர் நிறுத்திவிட்டார். திரையில் பெரியவரின் கை தொடைக்கு மேல், அந்தரத்தில், அப்படியே நின்றது. விழவில்லை. காத்திருந்தது. நாயனம் அதே அடியை மறுபடி எடுத்ததும் கை இறங்கியது. அவர் தலை இடமும் வலமும் அசைந்தது.

சின்னவர் சிரித்தார். இருமல் வந்தது, மலர் தண்ணீர் கொண்டுவந்தாள். "பாத்தியா, தப்பு உட்டேன், தலைய ஆட்டுறான் பாரு. ரசிச்சு ஆட்டல. 'தப்பு, தப்பு'ங்கிறான். திருட்டுப் பய. கேட்டுக்கிட்டேதான் இருந்திருக்கான்."

கண்ணைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினார்.

"சார், பொய்தானே உங்க பொழப்பு?"

"ஆமாங்க."

"வருசம் பூரா அதத்தானே பண்ணீங்க? அன்னிக்கு ஒரு நாளு மட்டும் எதுக்கு சார் நெசம் பேசுனீங்க?"

மலர், "உடுப்பா" என்றாள். "நான் எங்க புடிச்சேன், உடுறதுக்கு" என்றார்.

டேப் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. நாயனம் சரணத்துக்குப் போகிறது. அறைக்குள்ளிருந்து குப்புசாமியின் குரல்: "சார், வெளிய நாயனம் கேக்குது. ரூம் டோன் கெட்டுப்போச்சு." அதற்கு வாசலிலிருந்து, சிகரெட்டை வாயில் வைத்துக்கொண்டு, என் குரல்: "சிதம்பரத்துல நாயனம் கேக்காம வேற என்னய்யா கேக்கும்? விடு, சாப்பாட்டுக்கு நேரமாவுது." பஷீர் சிரிக்கிறான். பெரியவர் கண்ணைத் திறக்கிறார். தொடையிலிருந்த கையை எடுத்து, யாரும் பார்க்கவில்லையே என்பதுபோலச் சுற்றிப் பார்த்துவிட்டு, மேல்துண்டுக்குள் வைத்துக்கொள்கிறார். அத்துடன் டேப் முடிகிறது.

சின்னவர் போனை என் பக்கம் தள்ளி, "இன்னொரு தரம் போடுங்க" என்றார். போட்டேன். குப்புசாமியின் குரலுக்கு முன்னால் கையைத் தூக்கி, "அங்க நிறுத்திடுங்க. மறுபடி மொதல்லேருந்து" என்றார். நிறுத்தினேன், போட்டேன். மூன்றாவது முறை நான் நிறுத்த வேண்டியிருக்கவில்லை. இடத்தைத் தெரிந்துகொண்டு அவரே விரலை வைத்து நிறுத்தினார். நான் எழுந்தபோது அவர் வலது கை மடியில் இருந்தது. இடறும் இடத்தில் அதுவும் நின்றது.

போனை அங்கேயே விட்டுவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்து மனைவியின் போனிலிருந்து ஜெனிஃபரைக் கூப்பிட்டேன்.

"அது இரைச்சல் இல்லம்மா. எதையும் துடைக்காதே."

"சரி சார். ஆனா கடைசியில யாரோ கத்துறாங்க சார். அத மட்டும் வெட்டிடவா? கேக்கவே கொஞ்சம் அசிங்கமா இருக்குது."

"வேண்டாம், இருக்கட்டும். யாரு அதுன்னு புதுசா சேந்தவங்க கேட்டாங்கன்னா, என் பேரச் சொல்லு."